உள்ளே போனாலும் பிழை

திருகோணமலைத் துறைமுகப் பக்கத்தில், எதையும் கணக்குப் போடுவதால் நாங்கள் 'சதவீதம்' என்று பட்டம் வைத்த அண்ணனைவிடக் குறைவாகக் கூடைப்பந்தை ரசித்த பயிற்சியாளர் இருந்ததில்லை. இனிப் பிறக்கப் போவதுமில்லை. பந்து வளையத்துக்குள் விழும் அழகைப் பார்த்து ஊரே கைதட்டும்போது, அவர் கைபேசியில் எதையோ தட்டிக்கொண்டிருப்பார்.

பகலில் துறைமுகத்தில் சீமெந்து மூட்டைகளை எண்ணுவது அவருடைய வேலை. மாலையில் திடலில் எங்கள் அணியை எண்ணுவார். வீட்டில் மனைவி தேங்காய்ப்பால் விட்டுச் சொதி வைத்தால், "இந்த மாசத்துச் சராசரிக்குக் கொஞ்சம் கீழ" என்பாராம். இன்னமும் அந்த வீட்டில் அவருக்குச் சோறு கிடைப்பது எந்தக் கணக்குக்கும் அடங்காத அதிசயம்.

எங்கள் ஆட்டத்தையும் கணக்கால் திருத்தினார். தூரக் கோட்டுக்கு வெளியே நின்று எறிந்தால் மூன்று புள்ளி. வளையத்துக்குக் கீழே போய்ப் போட்டால் அநேகமாகத் தப்பாது. இரண்டுக்கும் நடுவில் நின்று எறிவதுதான் நட்டம். தப்புவதும் அதிகம், கிடைப்பதும் இரண்டே புள்ளி. ஆகவே நடுவில் நின்று எறியத் தடை விதித்தார்.

கிண்ணியாவிலிருந்து வந்த பாரிஸுக்கோ நடுவில் நின்று எறிவதைத் தவிர வேறொன்றும் தெரியாது. கந்தளாய் அணியோடு விளையாடியபோது கடைசி நொடியில் அங்கேயே நின்று எறிந்தான். பந்து உள்ளே போனது, வென்றோம், அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்தோம். அடுத்த ஆட்டத்தில் அண்ணன் அவனை இறக்காமல் வெளியே வாங்கில் இருத்திவிட்டார்.

"நான்தானே அண்ணன் வெல்ல வச்சனான்?"

"உள்ள போனது வேற கதை. எறிஞ்சது பிழை."

"பந்து உள்ள போனா அது எப்பிடிப் பிழையாகும்?"

"நூறு தரம் எறிஞ்சு பார், விளங்கும்."

பாரிஸ் நூறு தரமும் எறிந்து பார்த்தான். பாதிக்கு மேல் தப்பின. விளங்கியது. அன்றைக்குத்தான் அவனுக்கு அண்ணனை உண்மையாகவே பிடிக்காமல் போனது.

எனக்கு உயரம் உண்டு, அதோடு சரி. பந்து கைக்கு வந்தால் வழுக்கிக்கொண்டு போய்விடும். பட்டம் முடித்து வேலையில்லாமல் இருந்த வருடம் அது. நேர்முகத் தேர்வுக்குப் போன இடமெல்லாம் கைவிரித்தார்கள். மாலையில் அந்தத் திடலுக்குப் போகலாம் என்பதற்காகத்தான் காலையில் எழும்பினேன். இறுதியாட்டம் வந்தபோது, என்னை நிறுத்திவிட்டு வேறு ஆளைப் போடும்படி எல்லோரும் கேட்டார்கள். நாகரிகம் தெரிந்தவர்கள், என் முன்னாலேயே கேட்டார்கள்.

அண்ணன் கைபேசியை எடுத்துப் பார்த்தார்.

"ஏலாது. இவன் உள்ள நிண்டா நாங்கள் கூடப் போடுறம், மற்றவங்கள் குறையப் போடுறாங்கள். கணக்கு அப்பிடித்தான் சொல்லுது."

கணக்கே சொல்லிவிட்டால் அதற்கு மேல் யார் வாய் திறப்பது? நானும் நம்பிவிட்டேன். அன்று ஒரு புள்ளிகூடப் போடவில்லை. ஆனால் எதிராளியை மறித்தேன், பந்தைப் பிடித்தேன், சரியான ஆளிடம் கொடுத்தேன். தோற்றோம். இருந்தும் என்னை ஒருவரும் ஏசவில்லை. கணக்கில் நல்ல பெயர் எடுத்தவன் அல்லவா! ஏச்சு முழுவதும், மறுபடி நடுவில் நின்று எறிந்து தப்பவிட்ட பாரிஸுக்குப் போனது.

பிறகு எனக்குக் கொழும்பில் வேலை கிடைத்தது. போன மாதம் ஊருக்கு வந்தபோது தேநீர்க் கடையில் அண்ணனைக் கண்டேன்.

"அண்ணன், அண்டைக்கு என்ர கணக்கு எவ்வளவு எண்டு சொல்லவே இல்லையே?"

"உனக்கு நான் கணக்கே எடுக்கேல்ல."

"ஏன்?"

"எடுத்திருந்தா உன்னை வெளியில விட வேண்டி வந்திருக்கும்."

கணக்கைத் தவிர வேறு தெய்வமறியாத மனிதர், எனக்காக அதன் பெயரால் ஒரு பொய் சொல்லியிருக்கிறார். அந்தப் பொய்யைப் பிடித்துக்கொண்டுதான் நான் அந்த வருடத்தைக் கடந்தேன்.