அப்பாவுக்கு வைத்த பணிஸ்

உபகாரம் செய்யக் கிளம்பிய வாய்க்காரனை ஊரே சேர்ந்தாலும் தடுக்க முடியாது. திருகோணமலையில் ஓட்டோ ஓட்டிய காலத்தில் நான் அப்படி ஒருவன். (இப்பவும்தான் என்பாள் மனைவி.)

ஒருநாள் துறைமுகத்தடியில் ஒரு வெள்ளைக்கார அம்மா ஏறினார். எண்பதை நெருங்கிய வயது. மடியில் ஓர் அட்டைப்பெட்டி. உலகப் போரில் யப்பான்காரன் குண்டு போட்டபோது இங்கே இறந்த ஒரு மாலுமியின் மகள். அவர் பிறந்ததே அதற்குப் பிறகுதான். முகம் காணாத தகப்பனின் கல்லறையில் மலர்வளையம் வைக்க வேண்டும், மறுநாள் விமானம், இனியொரு தடவை வர உடம்பு இடம் கொடாது.

மயானத்தில் இறக்கிவிட்டு நான் என் பாட்டில் போயிருக்கலாம். 'அப்பாவிடம் வெறுங்கையோடா போவது? அவருக்கு என்ன பிடிக்கும்?' என்று எனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கேட்டேன். சீனி தூவிய பணிஸ் என்றால் உயிராம், தாய் சொன்னதாம். வழியில் பேக்கரியில் பணிஸ், பிறகு கதலிப்பழம், வாழையிலை எல்லாம் வாங்கினேன்.

கல்லில் அவர் வளையத்தைச் சாத்தினார். கீழே நான் படைத்தேன். வீட்டில் என்றால் படைத்துவிட்டுக் கதவைச் சாத்துவோம். நாங்கள் பார்த்துக்கொண்டு நின்றால் செத்தவர்கள் வந்து சாப்பிடமாட்டார்கள். இங்கே கதவேது? இருவரும் திரும்பி நின்றோம், வாத்தியார் தண்டித்த பிள்ளைகள் மாதிரி.

பின்னால் சரசரவென்று சத்தம். (காகம் என்று பூரித்துப் போனேன். காகம் எங்கே சரசரத்தது?)

"டேய், மான்! மான்!" மயானத் தோட்டம் பார்க்கும் நசீர் நானா ஓடிவந்தார்.

ஊருக்குள் மாடு போலத் திரிகிற மான்களில் ஒன்று. பணிஸ் முடிந்திருந்தது. இங்கிலாந்திலிருந்து மடியில் வந்த கடதாசிப் பூவளையம் பாதி அதன் வாயில்.

"உனக்கென்ன விசரோடா? இது உன்ர வீட்டுத் திவசமோ?"

நிலம் பிளந்தால் போதும் என்றிருந்தது எனக்கு. அந்த அம்மா மானையே பார்த்தார். பிறகு மெல்லக் கேட்டார்: "உங்கள் வீட்டில் அப்பா சாப்பிட்டார் என்று எப்படித் தெரியும்?"

"காகம் வரும்."

"எனக்கு மான் வந்திருக்கிறது," என்று சிரித்தார். சிரித்தபடியே அழுதார். நானா சத்தமில்லாமல் அவர் உட்கார ஒரு கதிரை கொண்டுவந்து போட்டார்.

இன்றும் எங்கள் வீட்டுத் திவசத்தில் காகம் பிந்தினால், "மானுக்கு ஒரு கோல் எடுக்கட்டோ?" என்று போனைத் தூக்குவாள் மனைவி. வருசத்தில் ஒருநாள், அந்த மாலுமி இறந்த திகதியில், இங்கிலாந்திலிருந்து எனக்கும் கோல் வரும். அந்த அம்மா அன்று மயானத்தில் என்னிடம் படித்த ஒரேயொரு தமிழ்க் கேள்வி: "அப்பா சாப்பிட்டாரா?"

அதற்கு முன்பே கல்லறையில் பணிஸ் வைத்துவிட்டு வந்து காத்திருப்பேன்.

"ஓம் அம்மா. மிச்சமே வைக்கேல்லை."