போலந்துக்காரர் வீட்டில் பஜ்ஜி கிடையாது

தஞ்சாவூர்ப் பக்கத்தில் மார்கழிக் குளிரை முகத்துக்கு நேராக அவமானப்படுத்திய ஒரே மனிதர் எங்கள் தெருப் போலந்துக்காரர்தான். ஊரே மப்ளரும் குரங்குக் குல்லாவுமாகத் திரியும்போது அவர் மட்டும் வெறும் பனியனோடு பால் வாங்கப் போவார். பக்கத்து வீட்டுக்காரியான நான் காதில் பஞ்சோடு தையல் கடையைத் திறப்பதைப் பார்த்தால் அவருக்குப் பொறுக்காது.

"டெய்லரம்மா, காதுல என்ன பஞ்சு? இதெல்லாம் ஒரு குளிரா? அங்கல்லாம் மூச்சு விட்டா மீசையில ஐஸ் கட்டும். எடுத்துப் போடுங்க."

எங்கள் ஆட்களெல்லாம் சிங்கப்பூருக்கும் துபாய்க்கும் பறந்துகொண்டிருந்த காலம் அது. இவர் மட்டும் எந்த ஏஜென்ட் கையில் சிக்கினாரோ, போலந்துக்குப் போய், அங்கே ஓர் இந்திய ஓட்டலில் சமைத்துவிட்டுத் திரும்பினார். எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்ட எனக்குப் போலந்து எந்தத் திசை என்றுகூடத் தெரியாது. பெட்டியில் டேப் ரிக்கார்டர் இல்லை, சென்ட் பாட்டில் இல்லை. ஓட்டலில் பாத்திரம் கழுவிய அந்த ஊர் அம்மாளிடம் கற்றுக்கொண்ட பியெரோகி என்ற பலகாரம்தான் அவர் கொண்டுவந்த ஒரே சீமைச் சரக்கு. மைதாவை வட்டமாகத் தேய்த்து, உருளைக்கிழங்கும் பாலாடைக்கட்டியும் வைத்து, அரை நிலா மாதிரி மடித்து, வெந்நீரில் வேகவைப்பது.

"கொழுக்கட்டைதானேண்ணே இது?" என்று கேட்டவர்களோடு அவர் பேசமாட்டார். என்னோடும் கொஞ்ச நாள் பேசவில்லை.

நெல் விளைகிற ஊரில் மைதாவுக்கு என்ன மரியாதை என்று முதலில் பச்சரிசி மாவில் செய்தார். கொதிக்கிற தண்ணீரில் போட்டதும் எல்லாம் கரைந்து கஞ்சியாகிவிட்டது. அந்தக் கஞ்சியையும் குடித்துவிட்டு, "மாவுதான் தோத்துச்சு, நான் தோக்கல" என்றார். பிறகு மைதாவில் கொஞ்சமாக அரிசி மாவைக் கலந்தார். பாலாடைக்கட்டிக்குப் பதிலாக, என் கடை லைனிங் துணியில் கெட்டித் தயிரைக் கட்டித் தொங்கவிட்டார். சின்ன வெங்காயமும் பச்சை மிளகாயும் வதக்கிச் சேர்த்தார். வெந்ததை நெய்யில் புரட்டினார். ஓரத்தை மடித்து அழுத்த மட்டும் என்னைக் கூப்பிடுவார். "உங்க கைக்குத்தான் மடிப்பு நிக்குது."

ஒரு டிசம்பரில் அவர் மகள் ஸ்டெல்லாவைப் பெண் பார்க்கக் கீழ்வேளூரிலிருந்து வருவதாக முடிவானது. மாதா கோயிலில் பார்த்த அன்றே ஸ்டெல்லாவுக்கு மாப்பிள்ளையைப் பிடித்துப்போயிருந்தது.

"மார்கழியில பொண்ணு பாக்குறதாண்ணே?" என்று பதறினேன்.

"மார்கழி உங்களுக்கு. எங்களுக்குக் கிறிஸ்மஸ் மாசம்."

தரகர் அதைவிடப் பெரிய கவலையோடு வந்தார். "உங்களை வெளிநாட்டுல மேனேஜரா இருந்தவர்னு சொல்லி வச்சிருக்கேன். நாலு மணி டீக்கு வர்றாங்க. நீங்க சட்டையப் போட்டுக்கிட்டு சும்மா உக்காந்திருந்தா போதும். பஜ்ஜி, கேசரி நான் கடையில சொல்லிடுறேன்."

"மேனேஜருக்கு வெங்காயம் உரிக்கத் தெரியுமாய்யா? என் வீட்டுல பஜ்ஜி கிடையாது. பியெரோகிதான்."

"பஜ்ஜி வைக்கலன்னா, பொண்ணு குடுக்க இஷ்டமில்லன்னு நெனச்சுப்பாங்கண்ணே" என்று கெஞ்சினேன். கேட்டால்தானே? தயிர் புளித்துவிட்டால்? ஓரம் பிரிந்துவிட்டால்? ஒரு பெண்ணின் கல்யாணமே என் மடிப்பில் தொங்குவதுபோல் ஒவ்வோர் ஓரத்தையும் இரண்டு தடவை அழுத்தினேன்.

வந்தவர்கள் தட்டைப் பார்த்தார்கள். பக்கத்தில், போலந்து வழக்கப்படி, பாலில்லாத எலுமிச்சை டீ வேறு. மாப்பிள்ளையின் அப்பா ஒன்றைத் தூக்கிப் பார்த்து, "கொழுக்கட்டையா?" என்றார். நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

அடுப்படியிலிருந்து, இடுப்பில் துண்டும் கையில் கரண்டியுமாகப் போலந்துக்காரர் வந்து நின்றார்.

"பியெரோகிங்க. நானே செஞ்சது. நான் மேனேஜர் இல்ல, சமையக்காரன். கண்ட குளிர்லயும் நின்னு ஆக்கிப் போட்டுத்தான் இந்தப் புள்ளைய நர்சுக்குப் படிக்க வச்சேன். பிடிச்சா சாப்பிடுங்க. இல்லன்னா பஸ் ஸ்டாண்டுல நல்ல பஜ்ஜி கிடைக்கும்."

தரகர் வாயில் போட்டதை விழுங்கவும் முடியாமல், துப்பவும் முடியாமல் முழித்தார். மாப்பிள்ளையின் அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "கிளம்பலாம்."

கூப்பிடும்வரை உள்ளே உட்கார்ந்திருக்க வேண்டிய ஸ்டெல்லா நேராக வந்தாள். தட்டிலிருந்து ஒன்றை எடுத்து, எல்லார் முன்னாலும் நின்றபடியே தின்றாள்.

"உப்பு சரியா இருக்குப்பா" என்றாள்.

மாப்பிள்ளையின் அம்மா மட்டும் தலை நிமிராமல் மென்றுகொண்டிருந்தார். "ஏங்க, உக்காருங்க. நான் இன்னும் சாப்பிட்டு முடிக்கல" என்றார் கணவரிடம். பிறகு தட்டை நீட்டினார். "இன்னும் ரெண்டு வைங்க, சம்பந்தி. இந்த ஓரத்தை மடிச்சது யாரு?"

சம்பந்தி என்ற சொல் காதில் விழுந்த பிறகுதான் எனக்கு மூச்சே வந்தது.

கல்யாண வீட்டிலும் பஜ்ஜி போடவிடவில்லை மனிதர். ஸ்டெல்லாவின் பிள்ளைகள் "கொழுக்கட்டைதானே தாத்தா?" என்று கேட்டும், கடைசிவரை அந்த வார்த்தையைச் சொல்லாமலே போய்ச் சேர்ந்தார்.

அந்த வீடு இப்போது பூட்டிக் கிடக்கிறது. மார்கழியில் நான் இன்னமும் காதில் பஞ்சு வைத்துக்கொண்டுதான் கடைக்குப் போகிறேன். அவர் வாசலைத் தாண்டும்வரை மட்டும் எடுத்துக் கையில் வைத்துக்கொள்கிறேன்.