முதுகைக் காட்டி வந்த ஆணையர்

ஊரை ஆள வந்தவர்கள் எத்தனையோ பேர். துடுப்போடு வந்தவர் எங்கள் நகராட்சி ஆணையர் ஒருவர்தான். பல்கலைக்கழகப் படகுப் போட்டியில் மூன்று வருடம் தொடர்ந்து சாம்பியன். அவர் அறைச் சுவரில் கோப்பைகளுக்கு இடமுண்டு, துடுப்புக்கு இடமுண்டு. நகர வரைபடம் மாட்டத்தான் இடமில்லை.

போட்டிப் படகில் துடுப்பு வலிக்கிறவர், போகிற திசைக்கு முதுகைக் காட்டித்தான் உட்காருவாராம். எதிரே உட்கார்ந்திருக்கும் ஒருவர் வழி பார்த்துச் சொல்ல வேண்டுமாம். இந்த அரிய 'நிர்வாகத் தத்துவத்தை' ஆணையர் அலுவலகத்துக்கும் கொண்டுவந்தார். எட்டு குமாஸ்தாக்களும் வரிசையாக, மனு கொடுக்க வருகிறவர்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார்கள். பியூன் "ஒண்ணு... ரெண்டு..." என்று குரல் கொடுக்க, எட்டு முத்திரைகளும் ஒரே நேரத்தில் விழும். பார்க்கக் கண் கோடி வேண்டும்.

என் மனு சின்னதுதான். தெருக்கோடிக் கால்வாய் மண் மூடிக் கிடக்கிறது. மழை வந்தால் தண்ணீர் வீட்டுக்குள் வரும். என் மனைவி இடுப்பு முறிந்து படுக்கையில் இருப்பவள். மழைக்கு முன்னால் தூர்வார வேண்டும். இதைக் கடைசி குமாஸ்தாவின் முதுகிடம் சொன்னேன்.

"பெரியவரே, கத்தாதீங்க. தாளம் தப்புது."

"கொஞ்சம் திரும்பிப் பாருங்கய்யா."

"திரும்பினா படகு கவுந்துடும்."

"இது ஆபீசு தானே?"

"நாங்களும் அப்படித்தான் நெனச்சிக்கிட்டிருந்தோம்."

ஆணையரே வெளியே வந்து என் தோளைத் தட்டினார். "கவலைய விடுங்க பெரியவரே. வேகம்தான் நம்ம பலம்."

"எந்தப் பக்கமா சார் வேகம்?"

சிரித்தார். ஒரே நிமிடத்தில் மனுவில் எட்டு முத்திரை விழுந்தது. கால்வாயில் ஒரு மண்வெட்டி விழவில்லை.

மழை மூன்று நாள் கொட்டியது. கட்டில் மட்டத்துக்குத் தண்ணீர் ஏறியதும், பக்கத்து வீட்டுப் பிளம்பரும் நானும் அவளை ஒரு நாற்காலியில் உட்காரவைத்துத் தூக்கி மொட்டை மாடியில் வைத்தோம். மாத்திரைகள் தண்ணீரோடு போய்விட்டன. மறுநாள் காலை ஆணையர் வந்தார், தானே படகு வலித்துக்கொண்டு! வழி சொல்கிறவர் உட்கார வேண்டிய இடத்தில் போட்டோகிராபர் உட்கார்ந்திருந்தார். அவர் பார்த்தது ஆணையரின் முகத்தை மட்டும்தான்.

தெருவே மாடிகளில் நின்று கத்தியது. அவள் இரண்டு கையையும் தூக்கினாள். எங்களைத் தாண்டிப் போன பிறகுதான் ஆணையரின் கண்ணில் பட்டோம். தலையசைத்தார். இன்னும் வேகமாக வலித்தார்.

"ஏங்க, அவரு சிரிச்சிட்டுப் போறாரே?"

"ஜெயிச்சிட்டாராம்டி."

பிளம்பர் தன் வீட்டுக் கதவைக் கழற்றி, லாரி டியூப் கட்டி மிதக்கவிட்டு, அவளை ஆஸ்பத்திரியில் சேர்த்தார். நெஞ்சில் சளி கட்டி இன்னும் அங்கேதான் கிடக்கிறாள்.

ஆணையரின் அறிக்கை பேப்பரில் வந்தது: 'ஏழு தெருக்கள் பதினோரு நிமிடத்தில் பார்வையிடப்பட்டன. மாடிகளில் திரண்ட மக்கள் இரு கைகளையும் உயர்த்தி உற்சாக வரவேற்பு அளித்தனர்.' படமும் இருந்தது. அதிகமாக உற்சாகப்பட்டிருப்பவள் என் மனைவி.

நேற்று என் மனுவுக்குப் பதில் வந்தது. 'பொதுமக்களின் பேராதரவை முன்னிட்டுப் படகுப் பார்வையிடல் ஆண்டுதோறும் நடைபெறும். கால்வாயைத் தூர்வாரினால் தெருவில் தண்ணீர் நிற்காது. ஆகவே மனு நிராகரிக்கப்படுகிறது.'

கீழே எட்டு முத்திரைகள். சும்மா சொல்லக்கூடாது, ஒன்றுகூடக் கோணலில்லை.