பஸ்ஸுக்கு முன்னால் பிலடெல்பியா

முன்னுதாரணர் என்றொரு இனம் உண்டு. நீங்கள் குடியிருக்கும் தாமானிலும் நிச்சயம் ஒருவர் இருப்பார். கால்வாய் அடைத்துக்கொண்டது என்று சொல்லிப் பாருங்கள். சாதாரண மனிதர் நகராண்மைக் கழகத்துக்குப் போன் போடச் சொல்வார், கொஞ்சம் நல்லவர் கம்பொன்றை எடுத்துக்கொண்டு வருவார். முன்னுதாரணரோ நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, "இதே பிரச்சினை ஆயிரத்து எண்ணூற்று அறுபதுகளில் நியூயார்க்கில் வந்தது" என்று ஆரம்பிப்பார். அவர் முடிப்பதற்குள் மழை விட்டிருக்கும், தண்ணீர் தானாக வடிந்திருக்கும். நீங்கள் மட்டும் அங்கேயே நின்றுகொண்டிருப்பீர்கள்.

இந்த இனத்தில் முழு வளர்ச்சி பெற்ற ஒருவரைப் பார்க்க வேண்டுமா? ஈப்போ, குனோங் ராபாட்டுக்கு வாருங்கள். சுண்ணாம்பு மலைக்குக் கீழே வரிசை வீடுகளில் மூலை வீடு. அங்கேதான் அரசாங்க உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற திருக்குமரன் இருக்கிறார். அவருடன் ஓய்வு பெற்றவர்களெல்லாம் ஆர்க்கிட் செடி வாங்கினார்கள். இவர் பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்கத் தொழிலாளர் இயக்கங்களைப் பற்றித் தலையணை தலையணையாகப் புத்தகங்கள் வாங்கினார். ஆர்க்கிட் என்றால் பூத்ததும் பேச்சு ஓய்ந்துவிடும். புத்தகம் அப்படியா?

கல்யாண வீட்டில் மாப்பிள்ளையின் கையைப் பிடித்து வாழ்த்துவதற்குள், "தம்பிக்கு எத்தனை மணி நேர வேலை?" என்று கேட்டு, எட்டு மணி நேர வேலை நாளுக்காகச் சிகாகோவில் நடந்த போராட்டத்தைத் தொடங்கிவிடுவார், பின்னால் வரிசையில் நிற்பவர்கள் பரிசுப் பொட்டலத்தோடு பந்திக்குப் போய்விடுவார்கள். வீட்டில் தோசை தாமதமானால் கோபப்படமாட்டார். லோவெல் நகரத்து நூற்பாலைப் பெண்கள் விடியுமுன் மணியோசைக்கு எழுந்து வேலைக்கு ஓடிய கதையைச் சொல்லுவார்.

"அந்தப் பிள்ளைகளுக்கு ஆர் தோசை சுட்டுக் குடுத்தது?" என்று ஒருநாள் அவர் மனைவி கலாதேவி அடுப்படியிலிருந்து கேட்டார்.

திருக்குமரன் யோசித்தார். எழுந்து போய்ப் புத்தகத்தைப் புரட்டிவிட்டு, "விடுதிக்கார அம்மாக்கள்" என்று மகிழ்ச்சியோடு வந்து சொன்னார். அதற்குள் தோசை ஆறிப்போயிருந்தது.

இப்படிப்பட்டவரைத் தேடித்தான் செல்லாயி வந்தார். சிம்பாங் பூலாய்க்கு அப்பால், முன்பு ரப்பர் தோட்டமாக இருந்து இப்போது செம்பனைத் தோட்டமாகிவிட்ட இடத்தில் குடியிருப்பவர். அங்கிருக்கும் மற்றப் பெண்களைப் போலவே கையுறைத் தொழிற்சாலையில் வேலை. கம்பெனி பஸ் தோட்டத்துக் கோயில் வாசல்வரை வந்துகொண்டிருந்தது. போன மாதம் திடீரென்று பெரிய ரோட்டோடு நின்றுவிட்டது. விடியாத இருட்டில் செம்பனைக்குள் நடக்கிறார்கள். நாய் துரத்துகிறது. செல்லாயியே ஒருமுறை பள்ளத்தில் விழுந்து, இன்னும் காலைச் சாய்த்துத்தான் நடக்கிறார்.

"ஒங்களுக்குத் தொழிலாளர் போராட்டமெல்லாம் தெரியுமாமே அண்ணே. மேனேஜர்கிட்ட இங்கிலீஷ்ல ரெண்டு வார்த்த பேசிக் குடுத்தா போதும்."

திருக்குமரன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இத்தனை காலமாகக் காகிதத்தில் மட்டும் பார்த்த தொழிலாளி வர்க்கம், பிளாஸ்டிக் பையில் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு அவர் வீட்டு வாசலில் நிற்கிறது.

"பேசலாம்மா. பஸ்ஸுக்கு அப்புறம் வருவோம். முதல்ல பிலடெல்பியா."

பிலடெல்பியாவில் துணி வெட்டும் தொழிலாளர்கள் சிலர் சேர்ந்து ஒரு ரகசியச் சங்கம் தொடங்கினார்கள். முதலாளிக்குத் தெரிந்தால் வேலை போய்விடும் என்பதால் அதன் பெயரைக்கூட எழுதாமல் ஐந்து நட்சத்திரங்களை மட்டும் போட்டார்கள். சத்தியம், கைகுலுக்கல், கடவுச்சொல் எல்லாம் இருந்தன. இதையெல்லாம் அவர் சொல்லி முடித்தபோது வாழைப்பழம் தீர்ந்திருந்தது.

"பஸ் வேணும்னு மொதலாளிகிட்டதானே அண்ணே சொல்லணும்? அத எப்படி ரகசியமா சொல்றது?"

"நல்ல கேள்வி. மூணாவது கூட்டத்துல அதுக்கு வருவோம்."

பிறகு நடந்ததைக் கேளுங்கள். மதார் சாகிப் உணவகத்தின் மாடியறை ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்கு ஏற்பாடாயிற்று. கடைக்கு முன்னால் ஐந்தடி நடைபாதையில் திருக்குமரன் குனிந்து சுண்ணக்கட்டியால் ஐந்து நட்சத்திரங்கள் வரைந்தார். அன்று மத்தியானம் வந்தவர்களெல்லாம், "பிரியாணிக்கு அஞ்சு ஸ்டார் குடுத்துட்டாங்களா பாய்?" என்று கேட்டார்கள், மதார் சாகிப் மறுக்கவில்லை. வங்கி வாசலில் ஜாகாவாகக் காவலிருந்து ஓய்வு பெற்ற பத்துமலை வாயிற்காவலர் ஆனார். கட்டைவிரலை மடக்கி, சுண்டுவிரலால் உள்ளங்கையைச் சுரண்டும் ஒரு கைகுலுக்கல் உருவானது. அதைச் செய்த பெண்களெல்லாம் கூச்சத்தில் நெளிந்து சிரித்தார்கள். வாரம் ஒரு கடவுச்சொல், எழுதவே கூடாது, காதோடு சரி. ஏழாவது விதி: சொல் தெரியாதவர், தலைவரே ஆனாலும், முதலாளியின் ஒற்றராகக் கருதப்படுவார்.

"இது கொங்சி கெலாப், ரகசியக் குண்டர் கும்பல் மாதிரியெல்லோ இருக்கு," என்றார் கலாதேவி. "போலீஸ் வந்து கேட்டா எனக்கு உங்களத் தெரியாதெண்டு சொல்லிப்போடுவன்."

அந்தப் பிலடெல்பியாச் சங்கம் பிற்பாடு ரகசியத்தைக் கைவிட்டது. கைவிட்ட பிறகுதான் லட்சக்கணக்கில் ஆள் சேர்ந்தது. இது திருக்குமரனுக்குத் தெரியாதா? நன்றாகத் தெரியும். ஆனால் கைகுலுக்கல் முதல் அத்தியாயத்தில் இருந்ததே, என்ன செய்வது?

மூன்று கூட்டம் ஆயிற்று. பெண்கள் இருட்டில் நடந்துகொண்டேயிருந்தார்கள்.

நான்காவது ஞாயிறு, நீளக்கை பாத்தேக் சட்டையும் பாக்கெட்டில் ஓர் உரையுமாகத் திருக்குமரன் வந்தார். கார் நிறுத்த இடம் தேடியதில் கொஞ்சம் தாமதம். படியேறி, மூன்று தட்டு, ஒரு நிறுத்தம், இரண்டு தட்டு. கதவு ஒரு கீற்றளவு திறந்தது.

"சொல்லு என்னா?" என்று கிசுகிசுத்தார் பத்துமலை.

திருக்குமரன் வாயைத் திறந்தார். சொல் மறந்துபோயிருந்தது. முந்தின நாள் போனில் பத்துமலைக்கு ஒரு சொல்லைத் தந்தது நினைவிருந்தது. அதைவிடச் சிறந்த சொல் ஒன்று பிறகு தோன்றியதும் நினைவிருந்தது.

"லோவெல்," என்று இவரும் கிசுகிசுத்தார்.

"இல்ல அண்ணே."

"எட்டு மணி நேரம்."

"அது போன வாரம்."

"அப்ப சிகாகோவாத்தான் இருக்கும்."

"இருக்கும்னெல்லாம் சொல்லக் கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க."

"பத்துமலை, நான்தான்யா தலைவர்."

"ஏழாவது விதிலா அண்ணே." கதவு மரியாதையாகச் சாத்தப்பட்டது.

நீங்களாயிருந்தால் கதவை உடைத்திருப்பீர்கள். முன்னுதாரணர் அப்படியல்ல, அவருக்குப் பெருமையாக இருந்தது. விதி வேலை செய்கிறதே. அவர் படியில் உட்கார்ந்து, கண்ணை மூடி, சொல்லைத் தேட ஆரம்பித்தார். ஒரு கிளாஸ் தே தாரிக் கொண்டுவந்த மதார் சாகிப், "உள்ள போகலியா?" என்று கேட்டதற்கு, "பாதுகாப்பு ஏற்பாடு பிரமாதம்," என்றார்.

உள்ளே பெண்கள் உரைக்காகக் காத்திருந்தார்கள். உரை வரவில்லை. பலகைக் கதவு, பேசுவதெல்லாம் படிக்குத் தெளிவாகக் கேட்டது.

"அண்ணன் இன்னும் வரல," என்றது செல்லாயியின் குரல். "அப்ப பஸ்ஸப் பத்திப் பேசலாமா?"

தீர்மானம் இல்லாமலா? முன்மொழிதல், வழிமொழிதல் இல்லாமலா? திருக்குமரன் துடித்தார். எழுந்து கதவில் கைவைத்தார். அதற்குள் அங்கே போன் போட்டாகிவிட்டது.

"சீனி தம்பி, செல்லாயி பேசுறேன். நீதானே எங்க சூப்பர்வைசர், ஒங்கிட்டயே சொல்லிடுறேன். நாளைக்கு நாங்க கோயில் வாசல்லதான் நிப்போம். பஸ் அங்க வந்தா வேலைக்கு வாரோம். வரலன்னா அங்கயே உக்காந்திருப்போம்."

"எல்லாருமாக்கா?" ஒலிபெருக்கியில் சீனியின் குரல் கரகரத்தது.

"நீயே கேட்டுக்க."

"எல்லாரும்தான்லா" என்று அத்தனை பெண்களும் ஒரே குரலில் சொன்னது படிக்கட்டில் அதிர்ந்தது. திருக்குமரன் வருஷக்கணக்காகப் புத்தகத்தில் படித்துக் கண்கலங்கிய காரியம் ஒரு பலகைக்கு அந்தப் பக்கம் நடக்கிறது. இவர் இந்தப் பக்கம் நின்று ஒரு வார்த்தையைத் தேடுகிறார். அந்த ஒரு நிமிடம் அவருக்கு அழுகையே வந்தது.

மேனேஜரிடம் கேட்டுவிட்டுச் சீனி திரும்ப அழைத்தார். "வரும்கா. ஆனா யாரும் லேட்டா வரக்கூடாது."

கதவு திறந்தது. பெண்கள் சிரித்துக்கொண்டு இறங்கினார்கள்.

"இங்கயா அண்ணே இருந்தீங்க? உள்ள வந்திருக்கலாமே," என்றார் செல்லாயி.

"சொல் மறந்துபோச்சும்மா."

"சொல்லா? எங்ககிட்ட யாரும் கேக்கலையே."

திருக்குமரன் பத்துமலையைத் திரும்பிப் பார்த்தார். பத்துமலை பிடரியைச் சொறிந்தார்.

"அவங்க மொகம் தெரியும் அண்ணே."

"என் முகம் தெரியாதா?"

"தெரியும். ஆனா நீங்க விதி போட்டவரு. சொல்லு எனக்கும் மறந்துபோச்சு. தப்பா உள்ள விட்டா நீங்கதானே கோவிப்பீங்க."

மறுநாள் பஸ் கோயில் வாசலுக்கு வந்தது. இன்றும் வருகிறது. செல்லாயி ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு போய் நன்றிகூடச் சொல்லிவிட்டு வந்தார், அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே திருக்குமரன் கூரையைப் பார்த்து, "பால்டிமோரா இருக்குமோ?" என்று முணுமுணுத்தாராம்.

சிரித்தீர்களா? நல்லது. இப்போது உண்மையைச் சொல்லுங்கள். செல்லாயியின் கால் சரியாயிற்றா என்று ஒரு தடவையாவது நினைத்தீர்களா? அல்லது அந்தக் கடவுச்சொல் என்னவாக இருந்திருக்கும் என்றுதான் இவ்வளவு நேரமும் மனம் குடைந்துகொண்டிருந்ததா? அப்படியென்றால் ஞாயிற்றுக்கிழமை மதார் சாகிப் கடை மாடிக்கு வாருங்கள். பெண்கள் யாரும் இப்போது வருவதில்லை, இடம் நிறைய இருக்கிறது. மூன்று தட்டு, ஒரு நிறுத்தம், இரண்டு தட்டு.