கை நனைத்த நாளில் எடுத்த சாக்கடைத் தண்ணீர்

உளுந்தூர்பேட்டை
21.7.2022

மதிப்பிற்குரிய சம்பந்தி ஆதிமூலம் அவர்களுக்கு, தெய்வசிகாமணி வணக்கத்துடன் எழுதிக்கொண்டது. திருநாவலூரில் தாங்களும் சம்பந்தியம்மாளும் மாப்பிள்ளையும் சுகமாயிருக்க வேண்டுகிறேன். இங்கே சாக்கடை தவிர மற்ற அனைவரும் சௌக்கியம். போனில் சொல்லியிருக்கலாம், முப்பது வருடம் தபாலாபீசில் இருந்தவனுக்கு முக்கியமான சேதியைக் காகிதத்தில் சொன்னால்தான் நிம்மதி.

எங்கள் தெருச் சாக்கடையில் கொரோனா இருப்பதாகக் கேள்விப்பட்டு, ஆவணிக் கல்யாணத்தை நிறுத்திவிடலாமா என்று தாங்கள் யோசிப்பதாக பஸ் கண்டக்டர் சொன்னதிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. நடந்தது இதுதான். சுகாதாரத் துறையிலிருந்து உபகாரமேரி என்ற பெண் வந்து, எந்தத் தெருவில் நோய் பரவுகிறது என்று பார்க்கச் சாக்கடைத் தண்ணீரைச் சோதிக்கிறோம், திங்கட்கிழமை பாட்டிலோடு வருவோம் என்று சொல்லிவிட்டுப் போனார். அதிகாரி வருகிறார் என்றால் நம் ஊர்ப்பக்கம் என்ன செய்வோம்? ரோட்டோரம் சுண்ணாம்பு போடுவோம். அதையேதான் செய்தோம். சாக்கடையைத் தூர் வாரினோம், எதிர்வீட்டு மாயவன் ஒரு மூட்டை பிளீச்சிங் பவுடரைக் கொட்டினான், என் வீட்டுக்காரி கொளஞ்சியம்மாள் குடம் குடமாக மஞ்சள் தண்ணீர் ஊற்றி வேப்பிலையும் போட்டாள். சோதனையில் வந்த முடிவு, இந்தத் தெருவில் மனிதர்கள் வசிப்பதற்கான அறிகுறியே இல்லை என்பது. ரேஷன் கார்டை ரத்து செய்துவிடுவார்களோ என்று மாயவன் பயந்துபோனான்.

"இன்னாம்மா, யாருக்கும் ஜுரம் இல்லன்னு சொல்லிக்கினே கீறோம், நம்ப மாட்டியா?" என்று கேட்டேன்.

"வாயால எல்லாரும் அப்படித்தான் சொல்றீங்க. சாக்கடைக்குப் பொய் சொல்லத் தெரியாதுங்க ஐயா" என்றார் அந்தப் பெண். அடுத்த தடவை முன்கூட்டிச் சொல்லாமல் வந்து எங்கள் வீட்டு முனையில் பாட்டிலை இறக்கிவிட்டார். அது எந்த நாள் தெரியுமா சம்பந்தி? நிச்சயத்துக்கு வந்து நீங்களெல்லாம் எங்கள் வீட்டில் கை நனைத்தீர்களே, அன்றைக்குச் சாயங்காலம். பன்னிரண்டு பேர் வருகிறோம் என்றீர்கள், நாற்பத்தொரு பேர் வந்தீர்கள், சந்தோஷம். கக்கூசு ஒன்றே ஒன்று. உங்கள் சித்தப்பா வேடியப்பன் மட்டும் நாலு தடவை போனார். நான் எண்ணவில்லை, கொளஞ்சி எண்ணினாள். ஆகவே அந்தப் பாட்டிலில் இருந்த கொரோனா எங்க தெருவுதா உங்க ஊருதான்னு நீங்களே சொல்லுங்க. எங்க வூட்ல ஒருத்தருக்கும் ஒண்ணுமில்லீங்க. எனக்கு வந்த தும்மல்கூட மிளகாய் வறுத்த நெடிதான். என் பொண்ணு மூணு நாளா நிச்சயப் பொடவைய மடிக்கிறதும் பிரிக்கிறதுமா இருக்குது, அதைப் பார்க்க மனசு தாங்கல. கல்யாணத்தை மட்டும் நிறுத்திடாதீங்க.

இரண்டு வீட்டு வாசலிலும் வாழைமரம் கட்ட, இரண்டு ஊர்த் தண்ணீரும் தெளிவாய் ஓட, ஈசன் துணை நிற்கட்டும்.

இப்படிக்கு,
தங்கள் சம்பந்தி
தெய்வசிகாமணி

பின்குறிப்பு: உறைக்குத் தபால்தலையை நாக்கில் நனைத்து ஒட்டினேன். பசையின் ருசி எனக்கு அத்துப்படி. இன்றைக்கு ஒன்றும் தெரியவில்லை. யோசித்துப் பார்த்தால், நிச்சயத்தன்றே பாயசத்தில் தித்திப்பு இல்லை என்று சமையல்காரரோடு சண்டை போட்டு, நானே இரண்டு கை வெல்லம் அள்ளிப் போட்டுப் பந்தி முழுக்கப் பரிமாறினேன். சித்தப்பா நாலு தடவை போனது அதனால் இருக்கலாம். கல்யாணத்தை ஐப்பசிக்குத் தள்ளி வைத்தால் நான் வருத்தப்பட மாட்டேன். படித்ததும் கையைச் சோப்புப் போட்டுக் கழுவவும்.