வான்கோழிக்கு ஒரு தனிக் கட்டம்

இந்த நாட்டில் வான்கோழிக் கறி உற்பத்தி ஏன் ஏறுகிறது, ஏன் இறங்குகிறது என்று நிபுணர்கள் மண்டையை உடைத்துக்கொள்கிறார்கள். திருத்துறைப்பூண்டி வட்டத்தைப் பொறுத்தவரை இரண்டுக்கும் ஒரே காரணம்தான். அவர் பெயர் வான்கோழி பாய்.

கால்நடைக் கணக்கெடுப்பில் முப்பத்திரண்டு வருடம் குப்பை கொட்டியவன் நான். ஒரு முட்டையைக்கூடக் கூட்டி எழுதியதில்லை. பாய் பதினோரு வருடம் சவூதியில் சமையல் வேலை பார்த்துத் திரும்பியவர். மற்றவர்கள் டேப் ரெக்கார்டரோடு வந்தார்கள். இவர் வான்கோழி வளர்க்கும் யோசனையோடு வந்தார். பிராய்லர் கோழி லாரி லாரியாக வந்து இறங்கிய காலம் அது.

"பிராய்லர் வளருங்களேன் பாய், நாற்பது நாள்ல எடை வந்துடும்" என்றேன்.

"அது நடக்கக்கூடத் தெரியாத கோழி சார். என்னுது தெருவுல போறவனை நிறுத்தி விசாரிக்கும்."

உண்மைதான். என்னை நான்கு முறை விசாரித்திருக்கிறது. இரண்டு வேட்டி போயிற்று.

எங்கள் படிவத்தில் கோழி, வாத்து, அதன் பிறகு 'இதர'. அவருடைய முப்பத்தேழையும் இதரவில் எழுதினேன். மறுநாள் பாய் ஒரு வான்கோழிச் சேவலை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்து அதிகாரியின் மேஜைமேல் விட்டார்.

"என்னய்யா இது?" என்று அதிகாரி நாற்காலியோடு பின்வாங்கினார்.

"இதர, சார்."

அது மைக்கூட்டைக் கவிழ்ப்பதற்குள் வான்கோழிக்குத் தனிக் கட்டம் கிடைத்துவிட்டது.

அடுத்த வருடம் பாய் மகளுக்குக் கல்யாணம். பிரியாணிக்கு இருபத்தாறு போயின. எங்கள் வட்டத்தின் உற்பத்தி விண்ணைத் தொட்டது. அதற்கடுத்த காலாண்டில் விழுந்தது. வீழ்ச்சிக்குக் காரணம் கேட்டு மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது.

"எனக்கு ஒரே பொண்ணுதாங்கன்னு எழுதுங்க" என்றார் பாய்.

'பருவகாலக் காரணங்கள்' என்று எழுதினேன்.

பிறகு ஓர் உத்தரவு வந்தது. ஒரு காலாண்டு முழுக்க உற்பத்தி இல்லாத கட்டங்களை நீக்கிவிட வேண்டும். அந்தக் காலாண்டில் பாய் ஒன்றைக்கூட அறுக்கவில்லை. கடைசி வாரம் நெஞ்சுவலி என்று தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார்கள். பார்க்கப் போனேன். சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். கிளம்பும்போது மட்டும், "கட்டத்தை விட்றாதீங்க சார்" என்றார்.

பொய் எழுத எனக்குக் கை வராது. உத்தரவுக்குப் பணியவும் அன்று மனம் வரவில்லை. பாயின் சம்சாரத்திடம் கேட்டு ஒரு வான்கோழியைச் சாக்கில் கட்டிச் சைக்கிளில் வைத்துக் கறிக்கடைக்குப் போனேன். முட்டைகூடத் தொடாத நான், ஐம்பத்தாறு வயதில் முதல் தடவையாகக் கறிக்கடை வாசலில் நின்றேன். இரண்டு தரம் நிறுக்கச் சொன்னேன். நான்கு கிலோ நூறு கிராம். கறியை அந்த அம்மாளிடம் கொடுத்துவிட்டு, எடையைக் கட்டத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

மறுநாள் ஆஸ்பத்திரியில் போய்ச் சொன்னேன். பாய் மெல்லத் திரும்பினார்.

"எதைங்க அறுத்தீங்க?"

"வேலியோரம் நின்னுச்சே, அதை."

"அது சீக்குக் கோழி. ஏழு கிலோ நிக்கிறது அத்தனை இருக்க, அதையா புடிச்சீங்க? மேல இருக்கறவன் நம்ம தாலுகாவைப் பத்தி என்ன நெனைப்பான்? கணக்கு மட்டும் தெரிஞ்சாப் போதுமா சார்?"

நர்ஸ் வந்து அதட்டும்வரை திட்டினார். பஸ்ஸில் ஊர் வந்து சேரும்வரை எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.