எதிர்வீட்டுக் கோலமும் என் பிரஷர் வாஷரும்

பாசி பிடித்த மூன்று படிகளைக் கழுவ ஒருத்தி எதற்காகத் தண்ணீரைப் பீய்ச்சியடிக்கும் பிரஷர் வாஷர் வாங்க வேண்டும்? (ப்ளீச்சிங் பவுடர் என்று ஒன்று இருப்பது எனக்கும் தெரியும்.)

அடைமழை முடிந்து படியெல்லாம் வழுக்கியது. மகள் அப்போதுதான் நடக்கப் பழகியிருந்தாள். கணவருக்கு மஸ்கட்டில் வேலை. ராஜபாளையத்துக்குக் குடிவந்து நான்கு மாதம். அம்மா வீடு இருக்கும் ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஏறினால் வந்துவிடும்தான். ஆனாலும் தெருவில் என்னிடம் பேசுகிறவர் எதிர்வீட்டுப் பத்மா அக்கா ஒருவரே. "சாப்டியா?" என்பார். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு அன்றைய பொழுதை ஓட்டிவிடுவேன்.

மெஷினோடு வந்த புத்தகத்தை மூன்று முறை படித்தேன். குளிரில் கை விறைக்கும், தரை வழுக்கும், வெயில் வந்தபிறகு கழுவுங்கள் என்றது. அதுவோ மார்கழி. தெருவே விடியுமுன் வாசல் தெளித்துக் கோலம் போட்டு முடித்திருக்க, நான் மட்டும் புத்தகம் சொன்னபடி ஏழரை மணிக்கு இறங்கினேன். ஸ்வெட்டர், ரெயின்கோட், கையுறை, ஷூ. போதாதென்று கணவரின் ஹெல்மெட்.

படி பளிச்சென்று ஆனது. பாசித் தண்ணீர் சரிவில் ஓடி, பத்மா அக்கா குளிரில் குனிந்து போட்ட மயில் கோலத்தின் தோகையைக் கரைத்ததை நான் பார்க்கவில்லை. ஹெல்மெட் மாட்டியிருந்த எனக்கு அவர் கத்தியதும் கேட்கவில்லை. நடுத்தெருவில் ஏதோ அசைய, சட்டென்று திரும்பினேன். விறைத்த விரல் விசையை விடவில்லை. ("மனிதர்களை நோக்கிப் பிடிக்காதீர்கள்." நான் அடிக்கோடிட்டு வைத்திருந்த வரி.) நல்லவேளை, தண்ணீர் அவர் தலைக்கு மேலே போய் மழையாக இறங்கியது.

"ஏட்டி! அத நிறுத்துடி மொதல்ல!"

அவருக்குப் பல் கிடுகிடுத்தது. இருந்த ஒரே ஆளையும் இழந்துவிட்டோம் என்று நான் ஹெல்மெட்டைக் கழற்றாமலே அழுதேன். பிறகு துண்டை எடுத்துக்கொண்டு ஓடினேன்.

தலையைத் துவட்டிக்கொண்டே அக்கா சொன்னார்: "பேச்சுத் துணை வேணும்னா கதவத் தட்டிட்டு வந்து செத்த நேரம் உக்காரலாம்லா? இம்புட்டுத் தண்ணிய அடிச்சா ஆளக் கூப்பிடுவாக?"

கணவர் இன்றும் போனில் முதலில் கேட்பது, "இன்னைக்கு யாரக் குளிப்பாட்டுன?" அம்மா வீட்டிலிருந்து யாராவது என்னைப் பார்க்கக் கிளம்பினால், "கொடை எடுத்துக்கோங்க" என்கிறார்கள்.

நானும் சிரிக்கிறேன். ஆனால் அந்தக் கதவை இன்னும் தட்டவில்லை. சமைக்கிற நேரமோ, அசந்து தூங்குகிற நேரமோ என்று மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு பாதித் தெருவிலேயே திரும்பிவிடுகிறேன். படிக்கிறவர்கள் யாராவது சொல்லுங்கள்: காரணம் எதுவுமில்லாமல் ஒரு வீட்டுக் கதவைத் தட்டலாமா? திறந்ததும் முதலில் என்ன சொல்ல வேண்டும்?